அப்பாவின் மூக்கு

ஜனவரி 9

திருப்புளிக்கு,

உங்கள் வண்டி காலை ஏழு ஐம்பதுக்கு. ஏழேகாலுக்கே தலைவாரி, செருப்பும் மாட்டிக்கொண்டு வாசல்வரை வந்துவிட்டேன். அப்போது பால் வண்டி வந்து நின்றது. அதனால் ஸ்டேஷனுக்கு வரவில்லை.

இதைப் படித்ததும் உங்கள் முகம் போகிற போக்கு எனக்கு இங்கிருந்தே தெரிகிறது. பாலை இறக்கி வைக்க அந்தப் பேக்கரியில் ஆளே இல்லையா என்பீர்கள். அண்ணன் இருந்தான், மாவு பிசைகிறவர் இருந்தார், அண்ணி வழக்கம்போலக் கல்லாவில் இருந்தாள். ஆனாலும் நான் இருக்க வேண்டியிருந்தது. ஏன் என்று மட்டும் கேட்காதீர்கள். நேரில் என்றால் எதையாவது சொல்லிச் சமாளித்துவிடுவேன். எழுத்தில் எனக்குப் பொய் வராது.

நீங்கள் ஊர் மாறிப் போவதற்குள் அப்பாவிடம் நம் விஷயத்தைப் பேசிவிடுகிறேன் என்றேன். அதையும் செய்யவில்லை. இரண்டு முறை கிட்டத்தில் போனேன். முதல் முறை அவர் ஏதோ பாட்டை முணுமுணுத்தபடி மாவை எடை போட்டுக்கொண்டிருந்தார். அவ்வளவு சந்தோஷமாக இருக்கும் மனிதரிடம் எப்படிச் சொல்வது என்று திரும்பிவிட்டேன். இரண்டாம் முறை வாயைத் திறந்தேன். அதற்குள் அவர் "உப்புப் பாத்தியா?" என்றார். பார்த்தேன் என்றேன். பேச்சு அதோடு முடிந்தது.

அந்த வார்த்தையைக் கேட்டதும் உங்கள் ஞாபகம். அடுப்பை ரிப்பேர் செய்ய வந்த முதல் நாள், நான் மாவில் விரலை வைத்து நாக்கில் தொட்டு "உப்பு போடல" என்றதைக் கேட்டுவிட்டு, அன்றிலிருந்து என்னை உப்பு என்றே கூப்பிட்டவர் நீங்கள். நானும் சும்மா விடவில்லை, உங்கள் சட்டைப் பையில் எப்போதும் நீட்டிக்கொண்டிருக்கும் ஸ்க்ரூ டிரைவரைப் பார்த்துத் திருப்புளி என்று வைத்தேன்.

கடிதத்தைப் பக்கத்துப் பேப்பர் கடை அக்காவின் விலாசத்துக்கே போடுங்கள். போன் வேண்டவே வேண்டாம். அது கல்லாவில் இருக்கிறது, அண்ணியின் காது அதிலேயே இருக்கிறது.

உப்பு


ஜனவரி 20

உப்புக்கு,

பால் வந்தது, அதனால் நீ வரவில்லை. சரி. வண்டி கிளம்பி மூன்றாவது ஸ்டேஷன் வரைக்கும் நான் கதவோரம்தான் நின்றேன். ஒருவேளை வேறு வண்டி பிடித்து முன்னால் வந்து நிற்பாளோ என்று ஒரு கிறுக்குத்தனம். எதிரே உட்கார்ந்திருந்தவர் இரண்டு தரம் "தம்பி, உக்காரலாமே" என்றார்.

இங்கே வேலை நிறைய. இந்த ஊரில் பெரிய பெரிய கேன்டீன்கள். ஒவ்வொன்றிலும் மூன்று அடுக்கு ஓவன், ஒவ்வொன்றுக்கும் ஒரு சீக்கு. போன வாரம் ஒரு ஆஸ்பத்திரிச் சமையல்கூடத்தில் மின்விசிறி மோட்டாரைக் கழற்றினால் உள்ளே ஒரு குடும்பமே நடத்தியிருக்கிறது எலி. எனக்கு ஒரு அறை கொடுத்திருக்கிறார்கள். ஜன்னலைத் திறந்தால் ஒர்க்‌ஷாப் முற்றம், மூடினால் வேர்வை.

இதோடு ஒரு படிவம் வைத்திருக்கிறேன். கல்யாணம் ஆனவர்களுக்குக் கம்பெனி இரண்டு அறை வீடு தருகிறது. மார்ச் 31க்குள் பெயர் கொடுக்க வேண்டும். பதிவு செய்துகொள்ளப்போகிறோம் என்று இருவரும் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தால் இப்போதைக்குப் போதும். என் கையெழுத்து போட்டாயிற்று. உன்னுடையதற்கான கோடு காலியாக இருக்கிறது.

இப்போது கேட்கிறேன், கோபிக்காதே. உன் அம்மா போய்ப் பல வருடம் ஆயிற்று, அது வருத்தம்தான். ஆனால் உன் வீட்டில் படுக்கையில் யாரும் இல்லை. உன் அப்பா கல்லு மாதிரி இருக்கிறார். அண்ணனும் அண்ணியும் இருக்கிறார்கள். பிசைய ஆள், சுட ஆள், விற்க ஆள் எல்லாம் இருக்கிறது. அக்டோபரில் ஒரு நாள் பல் டாக்டரிடம் போகிறேன் என்று சொல்லிவிட்டு என்னோடு ஏரிக்கு வந்தாயே. மாலை வரை இருந்தோம். அன்று உங்கள் கடை இடிந்தா விழுந்தது?

எந்த மெஷினை ரிப்பேர் செய்தாலும் அதில் ஒரு அட்டை கட்டிவிட்டு வருவது எங்கள் கம்பெனி வழக்கம். 'கோளாறு', 'தீர்வு' என்று இரண்டு வரி, கீழே என் கையெழுத்து. உன் வீட்டுக்கு ஒரு அட்டை கட்டச் சொன்னால் முதல் வரியிலேயே முழிப்பேன்.

திருப்புளி


ஜனவரி 29

திருப்புளிக்கு,

படிவம் கிடைத்தது. என் துணிப்பெட்டியில் அடியில் வைத்திருக்கிறேன். தினமும் எடுத்துப் பார்க்கிறேன், தினமும் வைத்துவிடுகிறேன். ஒரு காகிதம் இவ்வளவு கனமாக இருக்கும் என்று எனக்குத் தெரியாது.

அண்ணிக்கு என்னவோ சந்தேகம். பேப்பர் கடைக்கு இவ்வளவு தரம் போகிறாயே, பரீட்சை எழுதப்போகிறாயா என்று கேட்டாள். ஆமாம், பத்து வருடம் கழித்துப் பாஸ் பண்ணலாம் என்று பார்க்கிறேன் என்றேன். சிரித்தாள். ஆனால் கண் சிரிக்கவில்லை.

கை ஓரிடத்தில் நிற்கமாட்டேன் என்கிறது எனக்கு. கழுவின ட்ரேயையே திரும்பக் கழுவுகிறேன். மாடிக்குப் போகிறேன், எதற்கு வந்தோம் என்று தெரியாமல் இறங்குகிறேன். ஏரிக்கரையில் உங்கள் பக்கத்தில் உட்கார்ந்திருந்தபோதும் பாதி நேரம் நான் அங்கே இல்லை என்பதைக் கவனித்தீர்களா? கடையில் இப்போது என்ன ஆகிறதோ என்றே அடித்துக்கொண்டது. இங்கே இருந்தால் அங்கே, அங்கே இருந்தால் இங்கே. இந்தப் பிழைப்பு எனக்கே சலித்துவிட்டது.

கடை இடிந்தா விழுந்தது என்று கேட்டிருக்கிறாய். உனக்கென்ன தெரியும். ஒரு ஊரில் கழற்றுவாய், இன்னொரு ஊரில் மாட்டுவாய், அட்டையைக் கட்டிவிட்டு அடுத்த வண்டி ஏறுவாய். விட்டுவிட்டு வரமுடியாத ஒன்று உன் வாழ்க்கையில் எதுவாவது இருந்திருக்கிறதா?

கோபத்தில் 'நீ' வந்துவிட்டது. அடித்தால் காகிதம் அசிங்கமாகும், அதனால் விட்டுவிடுகிறேன்.

உப்பு


பிப்ரவரி 6

உப்புக்கு,

'நீ' என்றே எழுது, எனக்கு அதில் குறையில்லை. மற்றதெல்லாம்தான் குறை.

விட்டுவிட்டு வரமுடியாத ஒன்று இருந்திருக்கிறதா என்றாய். இருக்கிறது. ஜனவரி ஐந்தாம் தேதி விட்டுவிட்டு வந்தேன். அதிலிருந்து ஒழுங்காகச் சாப்பிடவில்லை.

நீ வரவில்லை என்பதில் எனக்குக் கோபமில்லை. காரணம் சொல்லமாட்டேன் என்கிறாயே, அதில்தான். நான் உன் வாசலில் நிற்கிறேன், நீ கதவுக்கு அந்தப் பக்கம் நின்றுகொண்டு, திறக்கவும் மாட்டேன், போகவும் சொல்லமாட்டேன் என்கிறாய். காரணம் நானாக இருந்தால் அதைச் சொல். மெக்கானிக் வேண்டாம் என்று ஒரு வரி எழுது. நான் கொஞ்ச நாள் கஷ்டப்படுவேன், அப்புறம் ஏதாவது ஓவனுக்குள் தலையை விட்டுக்கொண்டு மறந்துவிடுவேன். இப்படி நடுவில் நிறுத்தி வைக்காதே.

திருப்புளி


பிப்ரவரி 12

உங்களுக்கு,

நான்கு தாளைக் கிழித்தபிறகு இதை எழுதுகிறேன். இதை எழுதுவதே தப்பு. வாக்கு மீறுகிறேன். படித்ததும் கிழித்துவிடுங்கள்.

அப்பாவுக்கு வாசனை தெரியாது.

இரண்டு வருடத்துக்கு முன்னால், நீங்கள் எங்கள் கடைக்கு வருவதற்கு ஆறு மாதம் முன்பு, அவருக்கு ஒரு காய்ச்சல் வந்தது. பத்து நாள் படுத்திருந்து எழுந்து வேலைக்கு வந்துவிட்டார். ஒரு வாரம் கழித்து ஒரு நாள் கீழ் அடுப்பில் பிஸ்கட் கருகிக்கொண்டிருக்கிறது. தெருவில் போகிறவர்கள் மூக்கைப் பொத்திக்கொண்டு திரும்பிப் பார்க்கிறார்கள். அப்பா அந்த அடுப்புக்குப் பக்கத்திலேயே நின்றுகொண்டு, மாவு மண்டிக்காரரோடு சிரித்துப் பேசிக்கொண்டிருக்கிறார். நான் ஓடிப்போய்க் கதவைத் திறந்தேன். புகை வந்தது. அவர் புகையைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார். எனக்குப் புரிந்துவிட்டது.

அன்று மத்தியானம் மாவு மூட்டைகளுக்கு நடுவில் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார். "எனக்கு ஒண்ணும் வரமாட்டேங்குது. பாலும் ஒண்ணுதான், பினாயிலும் ஒண்ணுதான். நீ யார்கிட்டயும் சொல்லக் கூடாது. ஒங்கண்ணன்கிட்டகூட." சொல்லமாட்டேன் என்றேன். வெளியூரில் ஒரு டாக்டரிடம் கூட்டிக்கொண்டு போய்க் காட்டினேன். நரம்பு போய்விட்டது, திரும்பினால் அதிர்ஷ்டம் என்றார்.

இந்தத் தெருவில் அப்பாவுக்கு மூக்கு மாஸ்டர் என்றே பெயர். எந்த ட்ரே இன்னும் இரண்டு நிமிடம் நிற்க வேண்டும் என்று தெருமுனையிலிருந்தே சொல்வார். அண்ணனுக்கோ அடுப்புகளைப் பிடுங்கி எறிந்துவிட்டு, பாக்டரி ரொட்டியைப் பாக்கெட்டில் வாங்கி விற்க வேண்டும் என்று நெடுநாள் ஆசை. இது தெரிந்தால் அன்றைக்கே தொடங்கிவிடுவான் என்று அப்பாவுக்குப் பயம். அதனால் இரண்டு வருடமாக நான்தான் அப்பாவின் மூக்கு. பால் வந்தால் முகர்வேன். வெண்ணெய் டின்னைத் திறந்தால் முகர்வேன். அப்பா அடுப்பு வாயில் எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நிற்பார். நான் மாவுத் தொட்டியின் விளிம்பில் தட்டுவேன். ஒரு தட்டு என்றால் சரி. இரண்டு என்றால் இன்னும் பொறுக்க வேண்டும். மூன்று என்றால் கொட்டிவிட வேண்டியதுதான். அவர் திரும்பாமலே "ம், ஏத்து" என்பார். பார்க்கிறவர்களுக்கு அவர் மூக்குதான் சொல்கிறது என்று தோன்றும்.

ஏரிக்கு வந்த அன்று இரண்டாம் தடவை மாவு போடுவதற்குள் திரும்பிவிடுவேன் என்று அவரிடம் சொல்லியிருந்தேன். திரும்பவில்லை. அன்று மாவு எப்படித் தப்பியது என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. அப்பாவும் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன், வெட்கமாகத்தான் இருக்கிறது. இது எனக்குப் பிடித்தும் இருந்தது. முப்பத்தொரு வயது வரைக்கும் நான் அந்த வீட்டில் ஒரு மிச்ச ஆள். நான் இல்லாமல் ஒன்று நடக்காது என்று ஆனது இதில்தான்.

இப்போது சொல்லுங்கள், நான் எப்படி வருவது?

உப்பு


பிப்ரவரி 19

என் உப்புக்கு,

ஐந்து தரம் படித்தேன், பிறகு கிழித்துவிட்டேன். ஒரு மாதமாக உன்னைப் பற்றி மனதுக்குள் பேசியதையெல்லாம் திரும்ப வாங்கிக்கொள்கிறேன்.

ஆனால் உப்பு, இது அழுகிற விஷயமில்லை, யோசிக்கிற விஷயம். மூக்கு செய்கிற வேலையைச் செய்ய வழி இருக்கிறது. இங்கே ஒரு கேன்டீனில் நாற்பது வருடம் ரொட்டி போட்டவர் இருக்கிறார். பேரும் ஊரும் சொல்லாமல், பொதுவாகக் கேட்பதுபோலக் கேட்டேன். மாவில் ஒரு உருண்டையை நேரான கண்ணாடி ஜாடியில் போட்டு இரண்டு மடங்கு உயரத்தில் கோடு கிழித்து வை, கோட்டைத் தொட்டால் மாவு தயார் என்றார். பால் திரிந்ததா என்று பார்க்க நிறம் மாறும் காகிதம் கடையில் கிடைக்கிறது. அடுப்புக்கு வெப்பமானி, ட்ரேயை எடுக்க மணி அடிக்கும் கடிகாரம். வெண்ணெய்க்கு மட்டும் இன்னும் வழி தெரியவில்லை, அதையும் யோசிக்கிறேன்.

எல்லாவற்றையும் வாங்கிவிட்டேன். கடிகாரத்தின் மணியை நானே கழற்றிச் சத்தம் கூட்டியிருக்கிறேன். எங்கள் கம்பெனி ஸ்டோர் வழியாக அனுப்புகிறேன், அவர்கள் கட்டினால் கண்ணாடி உடையாது. பேப்பர் கடை விலாசத்தைத் தனியாக எழுதிக் கொடுத்திருக்கிறேன். நீ மெல்ல ஒவ்வொன்றாக அப்பாவிடம் காட்டு. ஒரு மாதத்தில் அவருக்குப் பழகிவிடும். அப்புறம் நீ எப்போது வேண்டுமானாலும் கிளம்பலாம்.

எனக்கு இன்று இரண்டு ஆள் பசி.

திருப்புளி


மார்ச் 4

நீ அனுப்பிய பெட்டி வந்தது.

பேப்பர் கடைக்கு வரவில்லை. உங்கள் ஸ்டோர்க்காரன் வாடிக்கையாளர் நோட்டில் இருக்கிற விலாசத்தையே எழுதி அனுப்பியிருக்கிறான். பேக்கரிக்கு வந்தது. காலை பதினோரு மணி, கடையில் ஏழெட்டுப் பேர். அண்ணி கல்லா மேலேயே வைத்துப் பிரித்தாள். அடுப்புக்கு ஏதோ புது சாமான் போல என்று எல்லாரும் எட்டிப் பார்த்தார்கள். அப்பாவும் கையைத் துடைத்துக்கொண்டு வந்தார்.

கடிகாரத்தில் அட்டை கட்டியிருந்தது. ஞாபகம் இருக்கிறதா, உன் கையால் நீ என்ன எழுதினாய் என்று? நான் எழுதுகிறேன், படித்துக்கொள். 'கோளாறு: மூக்கு வேலை செய்யவில்லை. தீர்வு: மணி அடித்ததும் ட்ரேயை எடுக்கவும்.' கீழே உன் கையெழுத்து, தேதி.

அண்ணி அதைச் சத்தமாகப் படித்தாள். கெட்ட எண்ணத்தில் இல்லை, என்ன என்று புரியாமல்தான் படித்தாள். கடையில் ஒருவர் சிரித்தார். அப்பா அந்த அட்டையை வாங்கி, கண்ணாடி மாட்டிக்கொண்டு, மெதுவாகப் படித்தார். பிறகு என்னைப் பார்த்தார். திட்டவில்லை. திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

மறுநாள் என்னை மாவுத் தொட்டிப் பக்கமே வரக்கூடாது என்றுவிட்டார். தெருவில் இருக்கும் பள்ளிக்கூடத்தில் ஆண்டு விழா, முந்நூறு பன் ஆர்டர். தானே செய்கிறேன் என்றார். மாவு பிசைகிறவரையும் அடுப்பில் நிற்கிறவரையும் வேறு வேலைக்கு அனுப்பிவிட்டார், அண்ணனும் வெளியே போயிருந்தான். மூலையில் ஒரு பழைய வெண்ணெய் டின், திருப்பிக் கொடுக்க எடுத்து வைத்திருந்தது, அதையும் சேர்த்து உருக்கிவிட்டார். நான் மாடியில் இருந்தேன். வெண்ணெய் காறிப்போன வாடை படியேறி வந்தது. இறங்கி ஓடினேன். அதற்குள் பன்கள் வண்டியில் ஏறிவிட்டன. அப்பா வாசலில் நின்று வண்டியை அனுப்பிவைத்துக்கொண்டிருந்தார். அவர் முகத்தில் இருந்த சந்தோஷத்தைப் பார்த்தபின் வண்டியை நிறுத்த எனக்கு வாய் வரவில்லை.

ஒரு மணி நேரத்தில் முந்நூறும் திரும்பி வந்தன. யாரும் சாப்பிடவில்லை, அந்த மட்டும் நல்லது. ஹெட்மாஸ்டரே கூட வந்து, தாழ்ந்த குரலில் அண்ணனிடம் பேசினார். அப்பா மாடியில் போய் அறைக்கதவைச் சாத்திக்கொண்டார்.

மெஷினுக்கு அட்டை கட்டு. மனிதனுக்குக் கட்டாதே. இனி எழுதாதே.


மார்ச் 10

உப்புக்கு,

எழுதாதே என்றாய். இந்த ஒன்று மட்டும்.

அந்த அட்டையை எழுதியது எனக்கு ஞாபகம்கூட இல்லை. பன்னிரண்டு வருடமாகப் பெட்டி மூடுமுன் அட்டை எழுதிக் கட்டுகிறேன். கை பாட்டுக்கு எழுதியிருக்கிறது. ஆனால் கை என்று சொல்லித் தப்பிக்கவில்லை, அது என் கைதான். உன் அப்பாவை ஒரு மெஷினாகப் பார்த்தேன், கழற்றி மாட்டினால் சரியாகிவிடும் என்று நினைத்தேன். நீ அழுதுகொண்டு எழுதியதற்கு நான் கணக்குப் போட்டுப் பதில் எழுதினேன்.

வா என்று கேட்க இனி எனக்கு வாய் இல்லை. பழைய ஊருக்கே மாற்றல் கேட்டேன், இரண்டு வருடம் ஆகும் என்கிறார்கள். மேனேஜரிடம் போய் வீடு வேண்டாம் என்று சொல்லிவிடலாம் என்று நேற்று கிளம்பினேன், கதவு வரை போய்த் திரும்பிவிட்டேன். அதை நீதான் சொல்ல வேண்டும்.

அவர் எப்படி இருக்கிறார், அதை மட்டும் யாரிடமாவது சொல்லி அனுப்பு.

திருப்புளி


மார்ச் 16

உப்பு, உன்னிடமிருந்து பதில் வரவில்லை. தபால்காரர் என்னைக் கண்டாலே தூரத்திலிருந்தே கையை விரித்துக் காட்டிவிட்டுப் போகிறார். அவருக்கும் பாவமாக இருக்கிறது போலிருக்கிறது. எழுதக் கூடாது என்றுதான் இருந்தேன்.


மார்ச் 22

திருப்புளிக்கு,

உங்கள் இரண்டு கடிதமும் வந்தன. பதில் எழுதக் கூடாது என்று பிடிவாதமாகத்தான் இருந்தேன். நடந்ததைச் சொல்லாமல் இருந்தால் நெஞ்சு வெடித்துவிடும் போலிருக்கிறது, அதனால் எழுதுகிறேன்.

அப்பா ஒன்பது நாள் கீழே இறங்கவில்லை. சாப்பாட்டைக் கதவருகே வைப்பேன், பாதி போயிருக்கும். கடை நடந்தது. நான் பழக்கத்தில் தொட்டி விளிம்பில் தட்டுவேன், அடுப்பு வாயில் அப்பா இல்லை என்று அப்புறம் உறைக்கும். ஐந்தாம் நாள் தாங்கமுடியாமல் அண்ணனிடம் போனேன். எல்லாம் என்னால்தான், இரண்டு வருடமாக மறைத்தது நான்தான், அவரை ஒன்றும் சொல்லாதே என்று அழுதேன். அவன் பாக்கெட் கட்டிக்கொண்டிருந்தான். நிமிரக்கூட இல்லை.

"தெரியும்" என்றான்.

ஒரு வருடமாகத் தெரியுமாம். அவனுக்குத் தெரியும், மாவு பிசைகிறவருக்குத் தெரியும், அடுப்பில் நிற்கிறவருக்குத் தெரியும். தட்டுச் சத்தத்தை அவர்கள் எண்ணியே விட்டிருக்கிறார்கள். நான் இறங்கி வரத் தாமதமான நாள்களிலும், நாம் ஏரிக்குப் போன அன்றும் மாவு பிசைகிறவர்தான் முகர்ந்து பார்த்து நான் தட்டுகிற மாதிரியே தட்டியிருக்கிறார். அப்பா முதுகைக் காட்டி நின்றதால் அது நான் என்றே நினைத்திருக்கிறார். அடுப்பைப் பிடுங்குகிற பேச்சை அண்ணன் எடுத்தே ஒரு வருடமாகிறது என்பது அப்போதுதான் எனக்கு ஞாபகம் வந்தது. அட்டையைப் படித்த அண்ணிக்கு மட்டும்தான் எதுவும் தெரியாது.

எனக்கு வந்த ஆத்திரத்தை எழுத முடியாது. நான் ஒவ்வொரு நாளையும் இந்தத் தொட்டியில் கட்டிப்போட்டிருக்கிறேன், ஸ்டேஷனுக்குக்கூட வரவில்லை, நீங்கள் எல்லாரும் வேடிக்கை பார்த்தீர்களா, ஒரு வார்த்தை சொன்னால் என்ன என்று கத்தினேன். அண்ணன் கயிற்றைக் கீழே வைத்தான்.

"அவரு ஒன்ன நம்பி நின்னாரு. நீயும் அத நம்பித்தான் நின்ன. ரெண்டு பேர்ல யார்கிட்டப் போயி நான் சொல்றது?"

இரண்டு நாள் அவனோடு பேசவில்லை. மூன்றாம் நாள் அவன் சொன்னது சரி என்று பட்டது. அதுதான் இன்னும் வலித்தது. அப்பாவுக்காகத்தான் வரமுடியவில்லை என்று உங்களுக்கு எழுதினேன். பாதிதான் உண்மை. உங்களோடு வந்தால் புது ஊரில் நான் ஒரு மெக்கானிக்கின் மனைவி, இரண்டு அறை, ஒரு ஜன்னல். இங்கே நான் இல்லாவிட்டால் ஒரு கடையே கவிழ்ந்துவிடும் என்று இருந்தது. அதை விட்டுவிட்டு வர எனக்குப் பயம். நான் இல்லாமலும் நடக்கிறது என்று தெரிந்துவிட்டால் நான் யார் என்று பயம். இப்போது தெரிந்துவிட்டது. செத்துப்போகவில்லை. ஆனால் சொல்லிக்கொள்ளக் கையில் ஒரு காரணமும் இல்லாமல் நிற்பது பெரிய அவஸ்தை. வரவேண்டுமென்றால், வர ஆசையாக இருக்கிறது என்பதற்காக மட்டும் வரவேண்டும். என் வயதுக்கு அதைச் சொல்லிப் பழக்கமில்லை.

பத்தாம் நாள் அப்பா தானே இறங்கி வந்தார். மாவு பிசைகிறவர் உங்கள் ஜாடியை அலமாரியில் வைத்திருந்தார், கோட்டுக்குப் பக்கத்தில் மாவு ஏறிக்கொண்டிருந்தது. அப்பா குனிந்து பார்த்தார். இது என்ன ஊறுகாயா என்று கேட்டார். யாரும் சிரிக்கவில்லை. கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே இருந்துவிட்டு, கோட்டைத் தொட்டதும் "ம், ஏத்து" என்றார். கடிகாரத்தை மட்டும் தொடமாட்டேன் என்கிறார். மணிச் சத்தம் காதைக் கிழிக்கிறதாம். கொஞ்சம் குறைத்து அனுப்பியிருக்கலாம்.

நேற்று மத்தியானம் நான் மாடியில் துணி மடித்துக்கொண்டிருந்தேன். மூன்று நாளாக நான் கடைக்கு இறங்கவில்லை. போகிறேனா இருக்கிறேனா என்று ஒரு முடிவுக்கு வரும்வரை தொட்டியைப் பார்க்கக் கூடாது என்று வைராக்கியம். அப்பா வந்து பக்கத்தில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்தார். வேலை கேட்டு வருகிறவர்களை அவர் எப்படிச் சேர்ப்பார் என்று உங்களுக்குத் தெரியாது. ஒன்றும் கேட்கமாட்டார். பேசவிட்டுவிட்டுப் பக்கத்தில் நின்று ஒரு மூச்சு இழுப்பார், அவ்வளவுதான். நீங்கள் வந்த காலத்தில் அதற்கு வழியில்லாமல் போய்விட்டது. அட்டையின் கையெழுத்தைப் பார்த்து அண்ணி எல்லாவற்றையும் சொல்லியிருக்கிறாள் போலிருக்கிறது. எடுத்த எடுப்பில் கேட்டார்.

"அந்த ஆள்கிட்ட என்ன வாசன வரும்?"

மெஷின் எண்ணெய் என்றேன். வேற என்றார். சூடான ஒயர். வேற என்றார். மழையில் நனைந்தால் ஈரச் சாக்கு மாதிரி வரும் என்றேன். அதற்குச் சிரித்தார். மறுபடி வேற என்றார். அவர் கண்ணை மூடிக்கொண்டிருந்தார், நான் சொல்லச் சொல்ல இழுத்துப் பார்க்கிறார் என்று தோன்றியது. என்னைப் பார்க்க வரும்போது கையை மூன்று தரம் சோப்புப் போட்டுக் கழுவிவிட்டு வருவார், அப்போதும் அந்த எண்ணெய் வாசனை போகாது என்றேன்.

"கழுவிட்டு வர்றானா?"

"வர்றாரு."

"அப்ப சரி. போ."

அவ்வளவுதான் சொன்னார். இவ்வளவு சுலபமாகச் சொல்லிவிட்டாரே என்று எனக்கு உறுத்துகிறது. மறுத்திருந்தால் சண்டை போட்டுவிட்டு வரலாம், தெம்பாக இருக்கும்.

படிவத்தில் கையெழுத்துப் போட்டாயிற்று. ஞாயிறு 29ஆம் தேதி காலை வண்டியில் வருகிறேன். பதிவு ஆபீசில் சாட்சிக் கையெழுத்துப் போட அண்ணனும் கூட வருகிறான். வந்தபின் நான் சந்தோஷமாக இருப்பேனா என்று கேட்டால் எனக்குத் தெரியாது. சில நாள் ஜன்னலையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பேன், அப்போது என்னை ரிப்பேர் பண்ண வராதீர்கள்.

இன்னும் ஒன்று இருக்கிறது. போ என்று சொல்லிவிட்டு எழுந்த அப்பா, என் தலைக்குப் பக்கத்தில் குனிந்து ஒரு மூச்சு இழுத்தார். சின்ன வயதில் நான் பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் அப்படித்தான் செய்வார். இப்போது ஒன்றும் வந்திருக்காது. அது அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். ஆனாலும் நன்றாக, நெஞ்சு நிறைய இழுத்தார்.

"எங்க போனாலும் ஒனக்கு இந்த ரொட்டி வாசன போகாது" என்று சொல்லிவிட்டுப் படி இறங்கினார்.

அன்று காலைதான் தலைக்குச் சோப்புப் போட்டுக் குளித்திருந்தேன். ஆமாம்பா என்றேன்.

உப்பு